அண்டகோளர் இடுப்பில் எட்டாவது கயிறு

வெகு வெகு காலத்துக்கு முன்னால், வானம் இப்போது இருப்பதைவிட ஒரு பனைமர உயரம் தாழ்வாக இருந்த நாளில், பவளக்குன்றம் என்று ஒரு நாடு இருந்தது. அந்த நாட்டில் ஒரு நல்ல வழக்கம் இருந்தது.

வானத்தில் புதிதாக ஒரு விண்மீன் கூட்டத்தை யார் கண்டாலும் சரி, அவர் குன்றின்மேல் இருக்கும் வான மண்டபத்துக்குப் போகலாம். ராஜா முன்னால் நின்று, இன்ன இடத்தில் இன்னது கண்டேன் என்று சொல்லலாம். உடனே மணி அடிப்பார்கள். "கண்டவர் இன்னார்!" என்று அவர் பெயரைச் சபையே சேர்ந்து கூவும். பரிசு கிடையாது, பட்டம் கிடையாது, பெயர் மட்டும்தான். ஆனால் அந்தக் கூட்டம் வானத்தில் மினுங்கும் வரைக்கும் அந்தப் பெயரும் இருக்கும். ஆடு மேய்க்கிறவர் பெயர் இருந்தது, தோணி தள்ளுகிறவர் பெயர் இருந்தது, பிள்ளைக்குப் பால் கொடுத்துக்கொண்டே அண்ணாந்து பார்த்த ஒருத்தியின் பெயரும் இருந்தது.

அப்புறம் அண்டகோள மார்த்தாண்டர் வந்தார்.

இப்போதைய ராஜா ஆதவராயனின் தாத்தா காலத்தில் வந்தவர். தாத்தா போனார், அப்பா போனார், அண்டகோளர் தலையில் மட்டும் ஒரு நரைமுடிகூட இல்லை. அவர் மந்திரவாதி என்று யாரும் சொல்லவில்லை. தலைமை வான சாஸ்திரி என்றுதான் சொன்னார்கள். அவர் கையில் ஒரு முத்திரை இருந்தது. யாராவது வந்து ஒரு கூட்டத்தைப் பற்றிச் சொன்னால், அவர்கள் வாயை மூடுவதற்குள் அந்த முத்திரையை ஆகாயத்தைப் பார்த்துக் குத்துவார். "கண்டவர் அண்டகோளர்!" என்று எழுத்து மின்னும். வானத்திலிருந்து ஒரு பொற்கயிறு இறங்கி வந்து அவர் இடுப்பில் தானாக முடிச்சுப் போட்டுக்கொள்ளும். அந்தக் கூட்டத்தின் ஒளியெல்லாம் கயிறு வழியாக இறங்கி அவர் உடம்புக்குள் போகும். அதுதான் அவருடைய இளமை, அதுதான் அவருடைய பலம்.

சபை எழுந்து கூவும்: "அண்டகோளர் கண்டார்! அண்டகோளரே கண்டார்!"

சரி, அதை வந்து சொன்னவர் என்ன ஆவார்? முதல் நாள் முழங்கால் வரைக்கும் கல். இரண்டாம் நாள் இடுப்பு வரைக்கும் கல். மூன்றாம் நாள் உச்சந்தலை வரைக்கும் கல். தலை கல்லான நொடியில் அவர் பெயர் ஊர் நினைவிலிருந்தே அழிந்துபோகும். பெற்றவளுக்கே பிள்ளை பெயர் மறந்துபோகும். அப்படி அந்த மண்டபத்தில் ஏழு தூண்கள் நின்றன.

பட்டப்பகலில், அத்தனை பேர் முன்னால், மனிதர்கள் கல்லானார்கள். ஒருவராவது ஏன் என்று கேட்டார்களா? கேட்கவில்லை. "அண்டகோளரின் மகிமையைக் கண்டு வியந்து உறைந்துவிட்டார்கள்" என்றார் மந்திரி. ஆமாம், ஆமாம் என்றது சபை. ராஜா ஆதவராயன் கெட்டவர் இல்லை. ஆனால் அவர் ஒரு நாளும் அண்ணாந்து பார்த்ததில்லை, குனிந்தும் பார்த்ததில்லை. இது நியாயமா, நீங்களே சொல்லுங்கள்!

அந்த நாட்டில் ஆற்று மணலில் வெள்ளரி போட்டுப் பிழைத்த ஒருத்தி இருந்தாள். பெயர் பூங்காவனம். அவள் புருஷன் மாசிலாமணி. வெள்ளரிக்கு நரி வரும். அதனால் இரண்டு பேரும் முறைவைத்துப் பரண்மேல் காவல் இருப்பார்கள். பரண்காவலில் ஒரு நுணுக்கம் உண்டு. இருட்டில் நரியை நேராகப் பார்த்தால் தெரியாது. அது நிற்கிற இடத்துக்குக் கொஞ்சம் பக்கத்தில் பார்க்க வேண்டும். அப்போது கடைக்கண்ணில் அது தானாக வந்து நிற்கும்.

அப்படிப் பார்த்துப் பழகிய கண்ணுக்குத்தான் ஒரு கோடையில் வானத்தில் ஒரு மங்கல் தட்டுப்பட்டது, கைதவறி மாவு சிந்திய மாதிரி. பூங்காவனம் நேராகப் பார்த்தாள், மறைந்துவிட்டது. கொஞ்சம் ஓரமாகப் பார்த்தாள். மாவு உடைந்து உடைந்து கடுகு கடுகாக விண்மீன்கள் ஆயின. அவள் எண்ணினாள். பத்தொன்பது வரை எண்ணிவிட்டுப் புருஷனை உலுக்கி எழுப்பினாள்.

பரண்காவல்காரர்கள் ஒரு மங்கலைக் கண்டதும் ஊருக்குச் சொல்லிவிட மாட்டார்கள். மூன்று இரவு பார்ப்பார்கள். முதல் இரவு எங்கே இருந்தது, இரண்டாம் இரவு எங்கே இருந்தது, மூன்றாம் இரவு எங்கே இருந்தது? மற்ற விண்மீன்களோடு சேர்ந்து நின்றால் அது கூட்டம். தனியாக நகர்ந்தால் அது வேறு ஏதோ. இவர்களும் மூன்று இரவு பார்த்தார்கள். அது நின்றது.

"நான் போய் ராஜாகிட்ட சொல்லிட்டு வரேன் புள்ள" என்றான் மாசிலாமணி. "நீ போனா நாளைக்குக் காய் பறிக்க ஆள் இல்ல."

"என்னன்னு சொல்லுவீங்க?"

"கண்டதைச் சொல்லுவேன். வேற என்ன?" என்று சிரித்துக்கொண்டே குன்றுக்குப் போனான். வரவே இல்லை.

நான்காம் நாள் அவள் பக்கத்துத் தோட்டத்துப் பவுனம்மாளிடம் ஓடினாள். "அக்கா, எங்க வீட்டுக்காரரைப் பார்த்தியா?"

"யாரை?"

"மாசிலாமணியை!"

"அது யாருடி? உனக்கு எப்போ கல்யாணம் ஆச்சு?"

பூங்காவனம் கழுத்திலிருந்த தாலியை எடுத்து அவள் முகத்துக்கு நேரே நீட்டினாள். "அப்போ இதை யாரு கட்டுனது?"

"எனக்கென்ன தெரியும்? நீயே வாங்கிப் போட்டுக்கிட்டிருப்பே" என்றாள் பவுனம்மாள், வெள்ளரிக் கூடையைத் தூக்கிக்கொண்டே. போன மாசம்தான் மாசிலாமணி அவள் வீட்டுக் கூரையை மாற்றிக் கொடுத்திருந்தான்.

ஊரே அப்படித்தான் பேசியது. பூங்காவனத்துக்கு மட்டும் ஏன் மறக்கவில்லை? முத்திரைக்கு ஒரு குறை இருந்தது. கண்டவரை மறக்கடிக்க அதனால் முடியும், கண்டதை மறக்கடிக்க முடியாது. அந்தப் பத்தொன்பது விண்மீன்களும் அவள் மனசில் இருந்தன. அவற்றைப் பார்த்த இரவில் பக்கத்தில் கண்ணைக் கசக்கிக்கொண்டு நின்றவனும் கூடவே இருந்தான்.

அன்று பொழுது சாயும் நேரத்தில் நரி வந்தது. பூங்காவனம் கல்லை எடுத்தாள்.

"கல்லைக் கீழே போடு, அக்கா" என்றது நரி. "கல்லான ஆளைப் பற்றித்தான் பேச வந்தேன்."

அவள் கை அப்படியே நின்றது. "நீ பேசுவியா?"

"இவ்வளவு நாள் நீ கேட்கவில்லை. மூன்று காய் கொடு, மூன்று சேதி சொல்கிறேன்."

"திருட்டு நரிக்குப் பேச்சு வேறயா!"

"திருடன்தான், இல்லை என்று சொல்லவில்லையே" என்றது நரி, கொஞ்சம் ரோஷமாக. "உன் வெள்ளரியைத் தின்றேன். ஆனால் தின்றுவிட்டு, இதை நான்தான் விதைத்தேன், நான்தான் தண்ணீர் ஊற்றினேன் என்று எந்தச் சபையிலாவது போய்ச் சொன்னேனா?"

அவள் ஒரு காயை எறிந்தாள்.

"வான மண்டபத்துக்குப் பின்னால்தான் என் வளை" என்றது நரி. "ஏழு தூண் நிற்கிறது. ஏழாவது தூண் உன் ஆள்."

அவள் இரண்டாவது காயை எறிந்தாள்.

"அண்டகோளர் இடுப்பில் ஏழு கயிறு. மறுமுனை ஏழு கூட்டங்களில் கட்டியிருக்கிறது. கூட்டங்கள் ஒன்றைவிட்டு ஒன்று நகராமல் நிற்கின்றன. அதனால் அவர் சுகமாக உட்கார்ந்திருக்கிறார்."

அவள் மூன்றாவது காயை எறியவில்லை, கையில் கொண்டுபோய்க் கொடுத்தாள்.

"கல் உருக ஒரே வழிதான். யார் கண்டதோ அவர் பெயரை அந்த மண்டபத்தில் கூவ வேண்டும். நீ கூவினால் ஆகாது, நான் ஊளையிட்டாலும் ஆகாது. பொய்யைக் கூவிய வாயே உண்மையைக் கூவ வேண்டும்."

"அந்த வாய் எப்படிக் கூவும்?"

"கூவாதுதான்" என்றது நரி, காயை மென்றுகொண்டே.

பூங்காவனம் மணலில் உட்கார்ந்து மேற்கு வானத்தை அண்ணாந்து பார்த்தாள். பிறகு, "மேற்கே இன்னொரு மங்கல் இருக்கு" என்றாள். "அவரு போன பிறகு மூணு ராத்திரி பார்த்தேன். முதல் ராத்திரி கார்த்திகை அறுமீனுக்கு ஒரு சாண் கீழே. ரெண்டாம் ராத்திரி நாலு விரல் தள்ளி. மூணாம் ராத்திரி இன்னும் நாலு விரல் தள்ளி. அது கூட்டமே இல்ல. இன்னும் வால் முளைக்காத வால்மீன்."

நரி மெல்லுவதை நிறுத்தியது. "நிற்கிற மரத்தில் இடுப்பைக் கட்டிக்கொண்டவன் தூங்கலாம்" என்றது மெதுவாக. "ஓடுகிற குதிரையில் கட்டிக்கொண்டால்?"

"ஆனா நான் பொய் சொல்ல மாட்டேன்" என்றாள் பூங்காவனம். "வானத்தைப் பற்றி இல்லாததைச் சொன்னா அப்புறம் அவருக்கும் எனக்கும் என்ன வித்தியாசம்? அது நகருதான்னு கேட்டா, நகருதுன்னு சொல்லிடுவேன்."

"கேட்டால்தானே! மூன்று இரவு பார்த்தாயா என்று கேட்கிற பொறுமை அந்த ஆளுக்கு இருந்தால், அவர் எதற்குத் திருட வேண்டும்? ஆனால் அக்கா, அவர் முத்திரை குத்தினால் நீயும் கல்லாவாய். மூன்று நாள்தான். அதற்குள் வால்மீன் அவரை இழுக்காவிட்டால் எட்டாவது தூண் நீதான்."

பூங்காவனம் எழுந்து மணலைத் தட்டிவிட்டாள். "வெள்ளரியைப் பார்த்துக்கோ" என்றாள்.

"யார், நானா?" என்று நரி வாயைப் பிளந்தது.

மறுநாள் காலையில் அவள் குன்றேறினாள். வாசல் காவலன் ஈட்டியைக் குறுக்கே நீட்டினான். "வெள்ளரிக்காரிக்கு வானத்தில் என்ன வேலை?"

"வெள்ளரிக்கு மேலேயும் வானம்தாங்க இருக்கு. உங்க தலைக்கு மேலேயும் அதுதான். தள்ளுங்க."

மண்டபத்தின் கூரை நடுவில் வானம் பார்க்க ஒரு பெரிய திறப்பு இருந்தது. அதன் கீழே பட்டு மெத்தையில் அண்டகோளர் சாய்ந்திருந்தார். பக்கத்தில் ராஜா கொட்டாவி விட்டுக்கொண்டிருந்தார். சுற்றிலும் ஏழு தூண்கள். மாசிலாமணி எது என்று பூங்காவனம் எண்ணிப் பார்த்துக்கொண்டாள்.

"எங்கே கண்டாய்?" என்றார் அண்டகோளர். யார் நீ என்று கேட்கவில்லை.

"மேற்கே, அறுமீனுக்குக் கீழே ஒரு மங்கல், சாமி. ஆனா அது..."

"போதும்!"

"மூணு ராத்திரி பார்த்தேன் சாமி. முதல் ராத்திரி..."

"வாயை மூடு! எத்தனை இரவு என்று உன்னை யார் கேட்டார்கள்?"

"சாமி, அது ஒரே இடத்துல..."

"பார்த்தது போதும், பெண்ணே! இனிப் பார்க்க வேண்டியதை நான் பார்த்துக்கொள்கிறேன்!"

முத்திரையைத் தூக்கினார், ஆகாயத்தில் குத்தினார். பொற்கயிறு சரசரவென்று இறங்கி வந்து அவர் இடுப்பில் எட்டாவது முடிச்சாக விழுந்தது.

"அண்டகோளர் கண்டார்! அண்டகோளரே கண்டார்!" என்று சபை கூவியது. ராஜாவும் வாயசைத்தார்.

பூங்காவனத்தின் பாதம் சில்லிட்டது. மாலைக்குள் முழங்கால் வரை கல்லாகிவிட்டது.

கால் கல்லானதும் அவளுக்கு ஒன்று கேட்க ஆரம்பித்தது. தூண்கள் முணுமுணுத்துக்கொண்டிருந்தன. ஒவ்வொரு தூணும், தன் பேச்சை அண்டகோளர் வெட்டி நிறுத்திய இடத்திலேயே நின்று, பாதி வாக்கியத்தைத் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தது. ஒரு தூண், "நேராகப் பார்த்தால் தெரியாது, நீங்கள்..." என்றது. ஒரு தூண், "அதில் ஒன்று மட்டும் சிவப்பு, ஏனென்றால்..." என்றது. அவள் ஏழாவது தூணுக்காகக் காதைத் தீட்டிக்கொண்டாள்.

ஏழாவது தூண், "நான்... நான்... நான்..." என்றது.

அவ்வளவுதான். வேறு ஒரு சொல் இல்லை. "நான்."

பூங்காவனத்துக்குக் கண் கலங்கியது, அப்புறம் காய்ந்தது. முதலில் கண்டது யார்? எண்ணியது யார்? உலுக்கி எழுப்பியது யார்? 'கண்டதைச் சொல்லுவேன்' என்று சிரித்துவிட்டு வந்து, இங்கே நின்று, நானாம்! கல்லான பிறகும் நான்தானாம்! இந்த ஆளுக்காகவா காலைக் கல்லுக்குக் கொடுத்தோம் என்று நினைத்தாள். அண்டகோளர்மேல் இருந்த கோபத்தில் பாதி இந்தப் பக்கம் வந்துவிட்டது. அப்படி நினைத்ததும் வெட்கமாகவும் இருந்தது. இவர் என்ன திருடரா? இல்லையே. ஆனாலும் நான் என்றாரே. இரவெல்லாம் இதே யோசனைதான். அவள் அந்தப் பக்கம் பார்க்கவே இல்லை.

இரண்டாம் நாள் அண்டகோளர் சபைக்கு வந்தபோது மேற்குப் பக்கமாகச் சாய்ந்து வந்தார். நேராக நிற்கப் பார்த்தார், முடியவில்லை. "தையற்காரன் இடுப்புப் பட்டையைச் சரியாகத் தைக்கவில்லை" என்றார்.

அவர் சாய்வதைப் பார்த்த மந்திரி தானும் சாய்ந்தார். மந்திரி சாய்ந்ததைப் பார்த்துத் தளபதி சாய்ந்தார். நடுப்பகலுக்குள் சபை முழுவதும் காற்றில் அகப்பட்ட சோளக்கொல்லை மாதிரி மேற்கே சாய்ந்து நின்றது. சாய்ந்து நிற்பதே உயர்ந்தோர் வழக்கம் என்று மந்திரி புது ஆணை எழுதினார். எழுதிய எழுத்தும் சாய்ந்திருந்தது. ராஜாவுக்குக் கழுத்து வலித்தது. ஏன் சாய்கிறோம் என்று ஒரே ஒரு ஆள் கேட்டிருக்கலாம். கேட்கவில்லை!

அன்றைக்குப் பூங்காவனத்துக்கு இடுப்பு வரை கல்.

மூன்றாம் நாள் அண்டகோளரின் கால் தரையில் பாவவில்லை. அவர் முதல் தூணைக் கட்டிப் பிடித்துக்கொண்டு அந்தரத்தில் கொடி மாதிரி படபடத்தார். எட்டாவது கயிறு விறைத்து நின்று இழுத்தது. மற்ற ஏழு கயிறுகளும் வீணைத் தந்தி மாதிரி அதிர்ந்தன.

"என்ன இது, சாஸ்திரியாரே?" என்றார் ராஜா.

"உயர்ந்துகொண்டிருக்கிறேன், அரசே!" என்றார் அண்டகோளர். பிறகு கண்ணை உருட்டிப் பூங்காவனத்தைப் பார்த்தார். அவளுக்குக் கழுத்து வரை கல்லாகியிருந்தது. "பெண்ணே! அது நகர்கிறதா?"

"நகருது, சாமி."

"பாவி! முன்னாலேயே ஏன் சொல்லவில்லை?"

"மூணு தடவை சொல்ல வந்தேன். மூணு தடவையும் வாயை அடைச்சீங்க."

"உன் பெயரைச் சொல்! நீதான் கண்டாய் என்று கூவிவிடுகிறேன். என் கயிறு அவிழும், உன் கல்லும் உருகும். உனக்கு வேண்டியவன் இங்கே இருக்கிறானா? அவனையும் விடுகிறேன். சீக்கிரம்!"

பூங்காவனத்தின் நெஞ்சு, கல்லுக்குள்ளேயும், ஒரு முறை துள்ளியது. ஒரு பெயர் சொன்னால் போதும். வீட்டுக்குப் போகலாம். கோபமெல்லாம் இருந்தாலும் அவள் புருஷன்தான். மற்ற ஆறு பேர் யார்? முகம் தெரியாதவர்கள்.

ஆனால் மூன்று நாளாக அவர்கள் பாதிப் பேச்சைக் கேட்டுக்கொண்டிருந்தாள்.

"என் பேரு கடைசி" என்றாள். "முதல்ல இவங்க பேரு. ஏழு பேரு. நீங்களே கூவுங்க."

"இவர்கள் பெயர் எனக்கு எப்படித் தெரியும்?"

ராஜா நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"தெரியாதா?" பூங்காவனம் குரலை உயர்த்தினாள். "இவங்க கண்ணால கண்டதைத் தின்னு இத்தனை வருஷம் இருந்தீங்க. இவங்களைச் சுற்றிச் சுற்றி நடந்தீங்க. ஒருத்தர் பேரையாவது கேட்கலையா? இப்பவும் ஒண்ணும் கெட்டுப்போகல. உங்க கன்னத்துக்குப் பக்கத்துலதான் தூண் இருக்கு. காதை வைங்க. அவங்களே சொல்லுவாங்க."

தூணுக்கும் அவர் காதுக்கும் ஒரு விரல்கடைதான் இடைவெளி. முகத்தைத் திருப்பினால் போதும்.

"தூணிடம் அண்டகோளர் காது கொடுப்பதா!" என்று அவர் முகத்தை மறுபக்கம் திருப்பிக்கொண்டார். அந்தத் திருப்பத்தில் கை வழுக்கியது. விர்ரென்று ஒரு சத்தம். கூரைத் திறப்பு வழியாக அண்டகோளர் மேலே போனார். ஏழு கயிறுகளும் டங் டங்கென்று அறுந்தன. எட்டாவது அறுபடவில்லை. ஆகாயத்தில் ஒரு புள்ளியானார், அப்புறம் அதுவும் இல்லை.

ஆனால் தூண்கள் தூண்களாகவே நின்றன.

கல் பூங்காவனத்தின் தாடைக்கு ஏறியது. "ராஜா!" என்று அவள் கத்தினாள். "அவர் மட்டுமா கூவினார்? அண்டகோளர் கண்டார், அண்டகோளரே கண்டார்னு நீங்களும்தானே கூவுனீங்க! எதைக் கண்டார்னு பார்த்தீங்களா? பொய்யைக் கூவிய வாயெல்லாம் இங்கேதான் இருக்கு. இறங்கி வந்து கேளுங்க!"

"ராஜாவை அதட்டுகிறாள்!" என்றார் மந்திரி, சாய்ந்தபடியே.

"நேராக நில்லும்" என்றார் ராஜா. அரியணையை விட்டு இறங்கினார். முகம் சிவந்திருந்தது. அது வெட்கத்தின் சிவப்பு. முதல் தூணருகே போய்க் கிரீடத்தைக் கழற்றிவிட்டுக் காதை வைத்தார். "நீ யார் அம்மா?" என்று கேட்டார். கேட்டுவிட்டு நிமிர்ந்து உரக்கக் கூவினார்: "கண்டவர் உப்பளத்து வள்ளிமயில்!"

மணி அடித்தது. கல் உதிர்ந்தது. கையில் உப்பு வாரும் பலகையோடு ஒருத்தி நின்று, "...நீங்கள் ஓரமாகப் பார்க்க வேண்டும்!" என்று தன் வாக்கியத்தை முடித்தாள். முடித்த கையோடு பலகையை ஓங்கினாள். "எங்கே அந்த ஆள்?"

"கண்டவர் இடையன் கோனேரி!" கல் உதிர்ந்தது. "...ஏனென்றால் அது வயதான விண்மீன் என்று நினைக்கிறேன்" என்றான் ஒரு இடையன். வாசலில் நின்ற கூட்டத்தில் ஒருத்தி, "ஐயோ, எங்க அண்ணன்! எங்க அண்ணனை எப்படி மறந்தேன்!" என்று தலையில் அடித்துக்கொண்டு ஓடி வந்தாள். இப்படி மூன்று, நான்கு, ஐந்து, ஆறு. கூவக் கூவ ராஜாவுக்குக் குரல் கட்டிவிட்டது.

ராஜா ஏழாவது தூணுக்கு வந்தபோது பூங்காவனத்தின் உதட்டைக் கல் மூடியிருந்தது. கண்ணையும் மூடிக்கொண்டிருந்தது. அவளுக்கு மிச்சம் இருந்தது காது மட்டும்தான்.

"கண்டவர் மாசிலாமணி!" என்று ராஜா கூவுவது கேட்டது. மணி அடித்தது.

கல் உதிரும் சத்தம் கேட்கவில்லை.

மறுபடி கூவினார். கல் உதிரவில்லை. கண்டது அவர் இல்லையே, எப்படி உதிரும் என்று பூங்காவனம் கல்லுக்குள்ளே பதறினாள். சொல்வதற்கு வாய் இல்லை.

"ஆறு பேர் கிடைத்துவிட்டார்களே, அரசே" என்றது மந்திரியின் குரல். "போதும்."

"அந்தச் சொல்லை இந்த மண்டபத்தில் இனி ஒருவரும் சொல்லக் கூடாது" என்றார் ராஜா. பிறகு அவர் குரல் தாழ்ந்தது. "மாசிலாமணி, உன் பெயரைக் கேட்டேன். நீ சொல்ல வந்ததைக் கேட்கவில்லை. சொல்லப்பா. முடியும் வரைக்கும் இங்கேயே நிற்கிறேன்."

"நான்..." என்றது தூண்.

ராஜா காத்திருந்தார்.

"நான்..."

ராஜா காத்திருந்தார். சபையில் யாரோ இருமினார்கள். கல் பூங்காவனத்தின் காது மடலைத் தொட்டது.

"நான் இல்ல, ராஜா" என்றது தூண். "கண்டது என் வீட்டுக்காரி. பேரு பூங்காவனம். காய் பறிக்க ஆள் இல்லாததால, சொல்லத்தான் நான் வந்தேன்."

"கண்டவர் பூங்காவனம்!" என்று ராஜா கூவினார். சபை சேர்ந்து கூவியது. அந்த ஒரே கூவலில் இரண்டு தூண்கள் ஒன்றாக வெடித்தன.

கல்தூசியைத் துப்பிவிட்டு மாசிலாமணி கண்ணைத் திறந்தான். எதிரே பெண்டாட்டி நின்றாள். கண்ணில் நீர் கொட்டிக்கொண்டிருந்தது. ஆனால் வாய் திட்டியது. "எடுத்த எடுப்பில் என் பேரைச் சொல்லித் தொலைக்கக் கூடாதா? 'நான்'னு எதுக்கு ஆரம்பிச்சீங்க?"

"நான் இல்லைன்னு சொல்லத்தான் புள்ள. அதுக்குள்ள அந்த ஆளு குத்திட்டான்."

அவள் தலை குனிந்தாள். "நானும் உங்களைப் பாதியிலேயே நிறுத்திட்டேன்" என்றாள். அவனுக்குப் புரியவில்லை. பிறகு வீட்டுக்குப் போகும் வழியில் சொன்னாள்.

வான மண்டபத்தின் தலைமையை ராஜா பூங்காவனத்துக்கே கொடுத்தார். அவள் வாசற்கதவைக் கழற்றச் சொன்னாள். ஏழு கூட்டங்களுக்கும் ஏழு பெயர் எழுதினாள். ஏழாவதற்கு, மாசிலாமணி பேச்சைக் கேட்டுத் தன் பெயரையே எழுதிக்கொண்டாள். வால்மீனுக்கு நேரே, "கண்டவர் பூங்காவனம். கூடப் போனவர் அண்டகோளர்" என்று எழுதினாள். உண்மையைத்தானே எழுத வேண்டும்? மந்திரிக்கு ஆற்று மணலில் நரிக்காவல் வேலை கிடைத்தது. நரிக்கு அது மிகவும் பிடித்துப்போனது.

அந்த மண்டபத்தில் ஒரே ஒரு சட்டம்தான். வந்தவர் சொல்லி முடிக்கும் வரை யாரும் வாயைத் திறக்கக் கூடாது.

ஒரு நாள் ஒரு முதியவர் குன்றேறி வந்தார். தான் ஒரு பெரிய மங்கலைக் கண்டதாகச் சொல்ல ஆரம்பித்தார். எங்கே பார்த்தாலும் அது தெரிகிறதாம். கிழக்கே பார்த்தால் கிழக்கே, மேற்கே பார்த்தால் மேற்கே, சோற்றைப் பார்த்தால் சோற்றிலும். காலையில் ஆரம்பித்தவர் உச்சிவேளை வரைக்கும் சொன்னார். நடுவில் தன் மருமகள் கதையும் சொன்னார். வள்ளிமயில் உப்புப் பலகையைத் தரையில் தட்டித் தட்டிப் பொறுத்துக்கொண்டாள். கோனேரி கொட்டாவியை விழுங்கினான். பூங்காவனம் கடைசி வரைக்கும் கேட்டாள். அவர் முடித்த பிறகுதான் பேசினாள்.

"ஐயா, அது வானத்துல இல்ல. உங்க கண்ணுல புரை விழுந்திருக்கு."

"அப்படியா?" என்றார் முதியவர். "எங்க வீட்டுல யாரும் இவ்வளவு நேரம் கேட்கலையேம்மா."

மாசிலாமணி அவர் கையைப் பிடித்து வைத்தியர் வீட்டுக்குக் கூட்டிப்போனான். பூங்காவனம் ஏட்டை எடுத்து, அவர் பெயரைக் கேட்டு, நாளையும் இடத்தையும் போட்டு, கண்டது புரை என்று எழுதிவைத்தாள்.

சொல்ல வந்ததை முடிக்க முடியாமல் நிற்பவர்கள் எல்லாரும் ஒரு நாள் முடிக்கட்டும். காத்திருந்து கேட்டவர்கள் வீட்டில் விளக்கும் வெள்ளரியும் குறையாமல் இருக்கட்டும்.